ஆசிரியர் என்று உங்கள் பெயர் அச்சாகும் முன்

மாலை நாளிதழ் ஒன்றில் பதினேழு ஆண்டுகளாக வேலை பார்க்கும் சகோதரி ஒருவர் நீண்ட கடிதம் எழுதியிருக்கிறார். கிரைம் நிருபராகச் சேர்ந்து, செய்திகளைத் திருத்தி அச்சுக்குத் தயார் செய்யும் டெஸ்க்குக்கு மாறி, இப்போது செய்தி ஆசிரியராக இருக்கிறார். அவர் பத்திரிகையின் பிழைப்பே கொலை, கொள்ளை, சினிமா கிசுகிசு, டீக்கடை வாசலில் தொங்கும் போஸ்டர் வாசகம் ஆகியவைதான். இப்போதைய ஆசிரியர் ஓய்வு பெறப்போகிறார். அவர் மேல் மூன்று மாவட்டங்களில் அவதூறு வழக்குகள் நடக்கின்றன. ஓய்வுக்குப் பிறகும் வாய்தாவுக்கு அலைய வேண்டியதுதான். அந்த நாற்காலியில் உட்காரும்படி உரிமையாளர் இவரைக் கேட்டிருக்கிறார். சம்பளம் கணிசமாக உயரும். இம்ப்ரிண்டில், அதாவது ஆசிரியர், வெளியீட்டாளர் பெயர்கள் அச்சாகும் வரியில், 'ஆசிரியர்' என்று இவர் பெயர் வரும். உரிமையாளரின் மகன் 'தலைமை ஆசிரியர்' என்ற பெயரில் தொடர்வார். முதல் பக்கத்தையும் போஸ்டரையும் அவர்தான் முடிவு செய்வார். "கேஸ் வந்தா கம்பெனி பார்த்துக்கும்மா" என்று வாய்மொழியாகச் சொல்லியிருக்கிறார்கள்.

சகோதரியின் தூக்கத்தைக் கெடுப்பவை சமீபத்தில் நடந்த இரண்டு சம்பவங்கள். பாலியல் கொடுமைக்கு ஆளான பதினைந்து வயதுச் சிறுமி பற்றிய செய்தி ஒன்று. இன்னொன்று, ஒரு தனியார் மருத்துவமனை பற்றித் தயாராக இருந்த செய்தி கடைசி நேரத்தில் நிறுத்தப்பட்டு, இரண்டு நாள் கழித்து அதே மருத்துவமனையின் அரைப் பக்க விளம்பரம் வந்தது. பதவியை ஏற்கலாமா, மறுத்தால் இருக்கிற வேலையும் போகுமா, இந்தப் பத்திரிகையின் ஆசிரியர் என்ற அடையாளத்தோடு பிறகு வேறு இடத்துக்குப் போக முடியுமா என்று கேட்கிறார். முடிவு சொல்ல இரண்டு வாரம் அவகாசம் வாங்கியிருக்கிறார்.

அன்புள்ள சகோதரிக்கு,

கடிதம் முழுக்க நீங்கள் மன்னிப்புக் கேட்கிற தொனியில் எழுதியிருக்கிறீர்கள். "எங்க பத்திரிகை அவ்வளவு தரமானது இல்லைதான்" என்று இரண்டு இடத்தில் வருகிறது. முதலில் அதை விட்டுவிடுங்கள். சின்ன வாக்கியத்தில், பெரிய எழுத்தில், வேலை முடிந்து வீடு திரும்புகிறவர் படிக்கிற மாதிரி செய்தி போடுவது கௌரவமான தொழில். 1997 பிப்ரவரியில் லண்டனின் டெய்லி மெயில், ஸ்டீபன் லாரன்ஸ் என்ற கறுப்பின இளைஞரைக் கொன்றவர்கள் என்று ஐந்து பேரின் பெயரையும் படத்தையும் முதல் பக்கத்தில் போட்டு, "நாங்கள் சொல்வது தவறென்றால் எங்கள் மேல் வழக்குப் போடுங்கள்" என்று சவால் விட்டது. அதற்கு முந்தின நாள்தான் மரண விசாரணையின் ஜூரிகள், அந்த இளைஞர் ஐந்து வெள்ளையர்களால் அநியாயமாகக் கொல்லப்பட்டார் என்று தீர்ப்புச் சொல்லியிருந்தார்கள். யாரும் வழக்குப் போடவில்லை. அந்த ஐவரில் இருவர் 2012-ல் தண்டிக்கப்பட்டார்கள். அந்த முதல் பக்கத்தைத் தீர்மானித்த ஆசிரியர் பால் டேக்கர், 1992 முதல் 2018 வரை அதே நாற்காலியில் இருந்தார். அவருடைய மற்ற முடிவுகள் பலவற்றோடு எனக்கு உடன்பாடில்லை. ஆனால் பரபரப்பு இதழின் ஆசிரியர் எவ்வளவு தூரம் போகலாம், எதைக் கையில் வைத்துக்கொண்டு போகலாம் என்பதற்கு இது நல்ல உதாரணம்.

அன்று போடு என்று சொல்லும் அதிகாரம் அவரிடம் இருந்தது. வேண்டாம் என்று சொல்லும் அதிகாரமும் இருந்தது. உங்களுக்குத் தரப்படுகிற பதவியில் இந்த இரண்டும் இருப்பதாகத் தெரியவில்லை. என் கவலையெல்லாம் அதில்தான்.

பெயர் உங்களுடையது, முடிவு அவருடையது

'ஆசிரியர்' என்பவர் வெளியாகும் விஷயங்களைத் தேர்ந்தெடுக்கும் கட்டுப்பாடு உள்ளவர் என்று 1867-ஆம் ஆண்டின் பத்திரிகை, நூல்கள் பதிவுச் சட்டம் இலக்கணம் சொன்னது. அதன் 7-ஆவது பிரிவின்படி, இதழில் ஆசிரியர் என்று யார் பெயர் அச்சாகிறதோ அவரே அந்த இதழின் ஆசிரியர் என்று நீதிமன்றம் அனுமானம் செய்துகொள்ளலாம். இல்லை என்று நிரூபிப்பது அவர் பாடு. 'தலைமை ஆசிரியர்' என்று பெயர் போட்டிருப்பவருக்கு இந்த அனுமானம் பொருந்தாது என்று 1992-ல் கே.எம். மாத்யூ வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அவரையும் வழக்கில் இழுக்க முடியும். ஆனால் அந்தச் செய்தியில் அவருக்கு இன்ன பங்கு இருந்தது என்று புகார்தாரர் குறிப்பாகச் சொல்லியாக வேண்டும்.

இதை உங்கள் அலுவலகத்தோடு பொருத்திப் பாருங்கள். முதல் பக்கத்தை முடிவு செய்கிறவர் தலைமை ஆசிரியர். சம்மன் வருவது ஆசிரியருக்கு. "எனக்குக் கட்டுப்பாடு இல்லை, மகன்தான் முடிவு செய்தார்" என்று நீங்கள் சாட்சியத்தோடு நிரூபிக்கலாம். ஆனால் அது விசாரணை நடந்து, குறுக்கு விசாரணை முடிந்து, பல வருடம் கழித்து வரும் நிவாரணம். அதற்குள் எத்தனை வாய்தா, எத்தனை விடுப்பு என்று உங்கள் ஆசிரியரைக் கேட்டால் சொல்வார்.

2024 மார்ச் 1 முதல் 1867 சட்டத்தின் இடத்தில் 2023-ஆம் ஆண்டின் பத்திரிகைகள், பருவ இதழ்கள் பதிவுச் சட்டம் வந்திருக்கிறது. சட்டம் மாறியதால் ஆசிரியரின் பொறுப்பு லேசாகிவிட்டது என்று அலுவலகத்தில் யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். எது அச்சேறலாம் என்று தீர்மானிப்பவர் என்ற முறையில்தான் இன்றும் உங்களைப் பார்ப்பார்கள்.

"நிருபர் எப்படி வாங்கினார் என்று எனக்குத் தெரியாது" என்று சொல்லித் தப்பிக்கலாம் என்ற எண்ணமும் உங்கள் கடிதத்தில் தெரிகிறது. ஆண்டி கோல்சன் 2003 முதல் 2007 வரை லண்டனில் நியூஸ் ஆஃப் தி வேர்ல்ட் ஆசிரியராக இருந்தவர். அரச குடும்பச் செய்தியாளர் ஒருவர் செல்போன் குரல் தகவல்களை ஒட்டுக்கேட்டதற்காகச் சிறைக்குப் போனபோது, தனக்கு அது தெரியாது என்று சொல்லிப் பதவி விலகினார். பிறகு பிரதமர் அலுவலகத்தின் தகவல் தொடர்பு இயக்குநராகவும் ஆனார். 2014-ல் நடுவர் குழு அவரைச் சதிக் குற்றவாளி என்றது. 18 மாதச் சிறைத் தண்டனை. அதே விசாரணையில், அவருக்கு முன்பு அந்த இதழின் ஆசிரியராக இருந்த ரெபெக்கா புரூக்ஸ் எல்லாக் குற்றச்சாட்டுகளிலிருந்தும் விடுதலையானார். 'தெரியாது' என்பது சிலருக்கு உண்மையாகவே இருக்கும். ஆனால் தகவல் எங்கிருந்து வந்தது என்று கேட்பது ஆசிரியரின் அன்றாட வேலை. கேட்காமல் இருந்ததை நீதிமன்றத்தில் பெருமையாகச் சொல்லிக்கொள்ள முடியாது. 168 வருடம் வந்த அந்த இதழே 2011 ஜூலையில் மூடப்பட்டது. ஒட்டுக்கேட்டதில் எந்தச் சம்பந்தமும் இல்லாத எத்தனையோ பேருக்கு அன்று வேலை போனது.

உங்கள் டெஸ்க்கில் நிலவும் மூன்று நம்பிக்கைகள்

பெயர் போடாமல் எழுதினால் வழக்கு நிற்காது என்கிறீர்கள். நிற்கும். "கிராமத்துப் படத்தில் அறிமுகமாகி, போன மாதம் விவாகரத்தான மூன்றெழுத்து நடிகை" என்று எழுதிவிட்டு, பக்கத்தில் முகம் மறைத்த நிழற்படமும் போட்டால், படிக்கிற எல்லோருக்கும் ஆள் தெரிகிறது. தெரிய வேண்டும் என்றுதானே அந்தக் குறிப்புகள் இருக்கின்றன? தெரிந்தவர்கள் அடையாளம் கண்டுகொண்டார்கள் என்று இரண்டு சாட்சிகள் சொன்னால் போதும்.

உண்மையாக இருந்தால் பயமில்லை என்பது பாதி சரி. நஷ்ட ஈடு கேட்டு வரும் சிவில் வழக்கில் உண்மை என்று நிரூபித்தால் தப்பிக்கலாம். குற்றவியல் அவதூறில், அதாவது இந்திய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 356-ஆவது பிரிவில், உண்மையாக இருப்பது மட்டும் போதாது. பொது நன்மைக்காக வெளியிடப்பட்டிருக்கவும் வேண்டும். இந்தப் பிரிவில் இரண்டு வருடம் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும், அல்லது சமூக சேவை. ஒருவர் வீட்டுப் படுக்கையறையில் நடந்தது உண்மையாகவே இருக்கட்டும், அதில் பொது நன்மை என்ன என்று நீதிபதி கேட்டால் பதில் வேண்டும். இதற்கு நேர்மாறான நல்ல செய்தியும் உண்டு. ஆட்டோ சங்கரின் சுயசரிதை விவகாரத்தில் நக்கீரன் இதழ் தொடுத்த வழக்கில் 1994-ல் உச்ச நீதிமன்றம் சொன்னதை உங்கள் டெஸ்க்கில் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டும். நீதிமன்ற ஆவணம் உள்ளிட்ட பொது ஆவணத்தில் இருப்பதை வெளியிட யாருடைய அனுமதியும் தேவையில்லை. தங்கள் பெயர் கெடும் என்று பயந்து அதிகாரிகள் முன்கூட்டியே தடை போடவும் முடியாது. பாலியல் கொடுமை, கடத்தல் போன்ற குற்றங்களுக்கு ஆளான பெண்களின் அடையாளம் மட்டும் இதற்கு விலக்கு.

மூன்றாவது நம்பிக்கைதான் மாலைப் பத்திரிகைகளில் அதிகம் கேட்பது: "போலீஸ் சொன்னதைத்தானே போட்டோம்." 1989 ஏப்ரல் 15 அன்று இங்கிலாந்தின் ஹில்ஸ்பரோ மைதானத்தில் கால்பந்து ரசிகர்கள் நெரிசலில் சிக்கினார்கள். கடைசிக் கணக்கில் 97 பேர் உயிரிழந்தார்கள். நான்கு நாள் கழித்து தி சன் இதழ், இறந்தவர்களிடம் ரசிகர்களே திருடினார்கள் என்ற போலீஸ் தரப்புத் தகவலை 'உண்மை' என்ற தலைப்பில் முதல் பக்கத்தில் போட்டது. தலைப்பைத் தேர்ந்தெடுத்தவர் ஆசிரியர் கெல்வின் மெக்கென்சி. அது பொய். 2012-ல் சுயாதீனக் குழு அறிக்கை வந்த பிறகு பத்திரிகையும் மன்னிப்புக் கேட்டது, அவரும் கேட்டார். லிவர்பூல் மக்கள் இன்னும் அந்தப் பத்திரிகையைத் தொடுவதில்லை. மெக்கென்சி 1981 முதல் 1994 வரை ஆசிரியராக இருந்தவர். அவர் பெயரைச் சொன்னால் முதலில் நினைவுக்கு வருவது அந்த ஒரு பக்கம்தான். நிறையக் கூட்டம், குறைந்த நேரம், பெயர் சொல்ல விரும்பாத காவல் அதிகாரி என்று உங்கள் அலுவலகத்தில் வாரம் இரண்டு முறையாவது இதே சூழ்நிலை வரும். 'போலீசார் தெரிவித்தனர்' என்ற ஒட்டு, தலைப்பில் நீங்கள் உறுதியாக அடித்துச் சொன்னதைக் காப்பாற்றாது.

அந்தச் சிறுமியின் செய்தி

இதில் உங்களுக்கு ஆறுதல் சொல்ல எனக்கு வழியில்லை. பெயரை மாற்றியதால் சரியாகிவிட்டது என்று உங்கள் சகாக்கள் சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். நீங்கள் அனுப்பிய நறுக்கில் ஊர் இருக்கிறது, தெருவுக்கு அடையாளமாகக் கோயில் இருக்கிறது, படிக்கும் வகுப்பும் பள்ளியும் இருக்கின்றன, தாய் என்ன வேலை பார்க்கிறார் என்பதும் இருக்கிறது. அந்தத் தெருவில் இருப்பவர்களுக்குப் பெயர் எதற்கு?

சிறார்களைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டத்தின் 23-ஆவது பிரிவு பெயரை மட்டும் தடுக்கவில்லை. முகவரி, படம், குடும்ப விவரம், பள்ளி, அக்கம்பக்கம், அடையாளம் தெரியவைக்கும் வேறு எந்த விவரமும் கூடாது என்கிறது. ஆறு மாதத்துக்குக் குறையாமல் ஒரு வருடம் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். ஊழியரின் செயலுக்கு உரிமையாளரும் வெளியீட்டாளரும் கூட்டாகப் பொறுப்பு. வயது வந்த பெண்ணாக இருந்தால் நியாய சன்ஹிதாவின் 72-ஆவது பிரிவு, இரண்டு வருடம் வரை சிறை. பாதிக்கப்பட்டவர் இறந்துவிட்டால் பெயர் போடலாம் என்ற எண்ணமும் தவறு. கூடாது என்று 2018-ல் நிபுண் சக்சேனா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. குற்றம் செய்ததாகச் சொல்லப்படுகிற சிறுவர்களின் அடையாளத்தையும் சிறார் நீதிச் சட்டத்தின் 74-ஆவது பிரிவு பாதுகாக்கிறது.

சட்டத்தை விடுங்கள். அந்தப் பெண் அடுத்த நாள் அதே பள்ளிக்குப் போக வேண்டும். உங்கள் இணையதளத்தில் அந்தச் செய்தி இன்னும் இருந்தால், நீங்கள் பதவியை ஏற்கிறீர்களோ இல்லையோ, இன்றே எடுக்கச் சொல்லுங்கள். வாயால் சொல்ல வேண்டாம், மின்னஞ்சலில் எழுதுங்கள்.

அரைப் பக்க விளம்பரம்

"இது நம்ம தொழிலில் சகஜம்தானே" என்று கேட்டிருக்கிறீர்கள். சகஜமாக இருக்கலாம். ஆனால் 1860-ல் வந்த இந்திய தண்டனைச் சட்டம், மிரட்டிப் பறித்தல் என்றால் என்ன என்று விளக்கத் தேர்ந்தெடுத்த முதல் உதாரணமே இதுதான்: பணம் தராவிட்டால் உன்னைப் பற்றி அவதூறு வெளியிடுவேன் என்று ஒருவரை மிரட்டிப் பணம் வாங்குவது. நியாய சன்ஹிதாவின் 308-ஆவது பிரிவிலும் அந்த உதாரணம் அப்படியே தொடர்கிறது. தண்டனை ஏழு வருடம் வரை. பணம் கைமாறாவிட்டாலும், பறிப்பதற்காகப் பயமுறுத்தினாலே குற்றம். விளம்பர ரசீதும் ஜி.எஸ்.டி. பில்லும் இருப்பதால் மட்டும் அது சுத்தமான வியாபாரம் ஆகிவிடாது.

மருத்துவமனையிடம் விளக்கம் கேட்டுப் போவது ஆசிரியரின் கடமை. அவர்கள் தந்த விளக்கம் திருப்தியாக இருந்து செய்தியைக் கைவிட்டால் அதுவும் சரி. அச்சாகாத பக்கத்தைப் பையில் வைத்துக்கொண்டு விளம்பர மேலாளர் போனால் கதை வேறு. அங்கே என்ன பேசப்பட்டது என்று உங்களுக்குத் தெரியாது என்று எழுதியிருக்கிறீர்கள். ஆசிரியரான பிறகு அது தெரியாமல் இருக்க முடியாது. தெரிந்தும் சும்மா இருந்தால் உடந்தை என்று சொல்வார்கள்.

நம் ஊரில் இந்தத் தொழிலின் மிக இருண்ட பக்கமும் இதுதான். சினிமாக்காரர்களின் அந்தரங்கங்களை எழுதிய 'இந்துநேசன்' ஆசிரியர் லட்சுமிகாந்தன் மேல், எழுதாமல் இருக்கப் பணம் வாங்குகிறார் என்ற புகார் இருந்தது. 1944 நவம்பரில் சென்னையில் அவர் குத்திக் கொல்லப்பட்டார். தியாகராஜ பாகவதரும் என்.எஸ். கிருஷ்ணனும் அந்த வழக்கில் ஆயுள் தண்டனை பெற்றார்கள். அன்றைய உச்ச மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், வழக்கு மறுபடி சென்னைக்கு வந்து, 1947-ல் விடுதலையானார்கள். பாகவதரின் திரை வாழ்க்கை பழையபடி எழவே இல்லை. அந்தக் கொலையை நியாயப்படுத்த எதுவும் இல்லை. எண்பது ஆண்டுகளுக்கு மேல் ஆகியும் அந்த ஆசிரியர் எழுதிய ஒரு வரிகூட யாருக்கும் நினைவில்லை. பணம் வாங்கினார் என்ற பேச்சு மட்டும் நிற்கிறது.

பயப்பட வேண்டாத விஷயங்கள்

அவதூறு வழக்கில் நள்ளிரவில் போலீஸ் வந்து கைது செய்யும் என்று உங்கள் அம்மா அஞ்சுவதாகச் சொல்கிறீர்கள். அவரிடம் சொல்லுங்கள்: அவதூறு, போலீஸ் தானாக வழக்குப் பதியக்கூடிய குற்றமல்ல. பாதிக்கப்பட்டவர் மாஜிஸ்திரேட்டிடம் தனிப் புகார் கொடுக்க வேண்டும். ஜாமீன் உண்டு, சமரசமும் செய்துகொள்ளலாம். புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 223-ஆவது பிரிவின்படி, புகாரை எடுத்துக்கொள்ளும் முன்பே உங்கள் தரப்பைக் கேட்க வேண்டும். ஒவ்வொரு வாய்தாவுக்கும் நேரில் வருவதிலிருந்து விலக்குக் கேட்கலாம். சிவில் வழக்கை வெளியான நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போட வேண்டும். குற்றவியல் புகாருக்கு மூன்று வருடம். தவறு நேர்ந்தால் அதே பக்கத்தில், கண்ணில் படும் அளவில் திருத்தம் போடுங்கள். அதனால் வழக்கு தானாக முடிந்துவிடாது. ஆனால் நோட்டீஸ் அனுப்புகிறவர்களில் பலர் அதோடு நிறுத்திக்கொள்வார்கள், நிறுத்தாதவர்களிடத்திலும் அது உங்கள் நல்லெண்ணத்துக்குச் சான்றாக நிற்கும்.

பதவி உயர்வை மறுப்பது ஒழுங்கீனம் ஆகாது. அதைக் காரணம் காட்டி உங்களை வேலையை விட்டு நீக்க முடியாது. கசப்பு வரலாம், அது வேறு.

வேறு பத்திரிகையில் சேர்ப்பார்களா என்ற உங்கள் கேள்விக்கு: நேர்காணலில் உங்கள் இதழின் பெயர் ஒரு கேள்வியாக வரத்தான் செய்யும். அப்போது நீங்கள் எதையெல்லாம் நிறுத்தினீர்கள், எதைத் துணிந்து போட்டீர்கள் என்று சொல்ல முடிந்தால் அந்த அனுபவத்துக்கு நல்ல மதிப்பு உண்டு. மற்றவர் முடிவுக்கு உங்கள் பெயரைக் கொடுத்துவிட்டால் சொல்ல எதுவும் இருக்காது.

கையெழுத்துப் போடும் முன்

ஏற்காதீர்கள் என்று நான் சொல்ல மாட்டேன். பதினேழு வருடம் டெஸ்க்கில் இருந்த ஒரு பெண், கிரைம் செய்தியின் உள்ளும் புறமும் தெரிந்தவர், அந்த நாற்காலிக்கு வருவது நல்லது. ஆனால் இப்போது சொல்லியிருக்கும் விதத்தில் ஏற்காதீர்கள். நியமன உத்தரவில் கீழ்க்கண்டவை எழுத்தில் இருக்க வேண்டும்.

முதல் பக்கம், போஸ்டர், இணையதளம் உட்பட எல்லா உள்ளடக்கத்திலும் இறுதி முடிவு ஆசிரியருடையது. மகன் அதை விட்டுத்தர மறுத்தால் இம்ப்ரிண்டில் 'ஆசிரியர்' என்று அவர் பெயரையே போடச் சொல்லுங்கள். நீங்கள் நிர்வாக ஆசிரியராகவோ இணை ஆசிரியராகவோ இருந்துகொள்ளலாம்.

விளம்பரப் பிரிவு எந்தச் செய்தியையும் அச்சாகும் முன் பார்க்கக்கூடாது. இதைக் கேட்கும்போது உரிமையாளர் முகத்தைக் கவனியுங்கள். நியமன உத்தரவு சொல்லாததையும் அது சொல்லும்.

நீங்கள் ஆசிரியராக இருந்த காலத்துச் செய்திகள் தொடர்பான வழக்குச் செலவு, பயணச் செலவு, நஷ்ட ஈடு எல்லாம் நிறுவனத்துடையது. வேலையை விட்ட பிறகு வரும் வழக்குகளுக்கும் இது பொருந்தும். கடைசிப் பகுதி மிக முக்கியம். உங்கள் ஆசிரியரின் இன்றைய நிலை உங்களுக்கு வரக்கூடாது. சிறைத் தண்டனை என்று வந்தால் அதை எந்த ஒப்பந்தமும் வேறு யார் தலையிலும் மாற்றிவைக்காது என்பதையும் மனதில் வையுங்கள்.

நீக்குவதானால் ஆறு மாத முன்னறிவிப்பு. பணிபுரியும் பத்திரிகையாளர்களுக்கான 1955-ஆம் ஆண்டுச் சட்டம், ஆட்குறைப்பின்போது ஆசிரியருக்கு ஆறு மாதமும் மற்றவர்களுக்கு மூன்று மாதமும் முன்னறிவிப்பு தர வேண்டும் என்றது. அந்தச் சட்டம் புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புக்குள் போய்விட்டதால், பழைய பாதுகாப்பை நம்பியிராமல் ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்குவது நல்லது.

பதவி விலகும் நாளில் இம்ப்ரிண்டிலிருந்து பெயரை எடுக்க வேண்டும். அதைப் பத்திரிகைப் பதிவாளருக்கும் தெரிவிக்க வேண்டும். அந்தக் கடிதத்தின் நகலும் ஒப்புகைச் சீட்டும் உங்கள் வீட்டில் இருக்கட்டும்.

உங்களுக்கு இன்னும் இரண்டு வாரம் இருக்கிறது. இந்த வாரமே வரைவு உத்தரவைக் கேட்டு வாங்கி, உங்கள் ஊரில் பத்திரிகை வழக்குகள் நடத்தும் வழக்கறிஞர் ஒருவரிடம் காட்டுங்கள். கம்பெனி வக்கீலிடம் அல்ல, அவர் கம்பெனிக்காகப் பேசுகிறவர். ஓய்வு பெறும் ஆசிரியரிடமும் ஒரு மாலை உட்கார்ந்து பேசுங்கள். அவர் மேல் உள்ள வழக்குகளில் எத்தனை, அவர் வேண்டாம் என்று சொல்லியும் போடப்பட்ட செய்திகளால் வந்தவை என்று கேளுங்கள். பாதிக்கு மேல் என்றால், எழுத்தில் தராதவரை ஒப்புக்கொள்ளாதீர்கள்.